பருத்தி நாட்டுப் புத்தகத்துக்கு ஒரு பொட்டு

ஏட்டில் எழுத்தாகவும், எழுத்தில் பொருளாகவும், பொருளுக்கு அப்பால் மௌனமாகவும் அமர்ந்திருக்கும் அன்னையே! மண்ணைக் கருப்பாகவும் சிவப்பாகவும் பிரித்துப் படைத்து, அதில் வெடிக்கும் பஞ்சை மட்டும் எந்நாட்டிலும் வெண்மையாக வைத்தவளே! இச்சிறு நினைவை எழுத முனைந்த முதியவன் கை தளராமல் காத்தருள்வாய். தொடங்கும் வினைகளுக்கெல்லாம் துணை நிற்கும் ஆனைமுகன் திருவடிக்கும் என் முதல் வணக்கம்.

இன்று விசயதசமித் திருநாள். நேற்று மாலை பூசையில் அடுக்கி வைத்த புத்தகங்களை இன்று காலை மறுபூசை முடித்து எடுத்தோம். எடுத்த புத்தகத்தில் நாலு வரியாவது படிக்க வேண்டும், எழுதுகோலை எடுத்தவர் நாலு வரியாவது எழுத வேண்டும் என்பது எங்கள் வீட்டு வழக்கம். நாலு வரியோடு நிறுத்த மனமில்லாமல், சில ஆண்டுகளுக்கு முன் இதே பூசை நாளில் எங்கள் வீட்டில் நேர்ந்த ஒன்றை எழுதத் துணிந்தேன்.

ஆமத்தூருக்கு மேற்கே எங்களுக்குக் கொஞ்சம் கரிசல் நிலம் உண்டு. பருத்தி, கொத்துமல்லி, மழையின் முகம் பார்த்துக் கம்பு. விடியலில் நீராடித் திருநீறு அணிந்து இரண்டு பதிகமாவது ஓதாமல் நான் வாயில் தண்ணீர் விடுவதில்லை. இந்தப் பழக்கத்தை அறிந்த சிவகாசி அச்சக உரிமையாளர் ஒருவர், தம் நாட்காட்டித் தாள்களின் அடியில் இடம்பெறும் பக்திப் பாடல் வரிகளைப் பிழை பார்த்துத் தரும்படி ஆண்டுதோறும் என்னை அழைப்பார். உழவு, ஓதல், பிழை திருத்தல் ஆகிய இம்மூன்றுக்குள் என் வாழ்நாள் நிறைவாகவே போயிற்று.

எங்கள் ஒரே மகள் மதுரையில் நூலகவியல் படித்தவள். மணமான பின், மாப்பிள்ளையின் ஆராய்ச்சிப் பணியை முன்னிட்டு அமெரிக்காவின் தென்பகுதியில் உள்ள அலபாமா மாநிலத்துக்குப் போனாள். அங்கே ஒரு சிற்றூர் நூலகத்தில் அவளுக்கு வேலை கிடைத்தது. ஓராண்டு வேலையைப் பார்த்துவிட்டு நிலையாக்குவோம் என்று சொல்லிச் சேர்த்துக்கொண்டார்கள். அந்த நூலகம் கழித்துவிடும் பழைய புத்தகங்களை அவள் வாங்கிச் சேர்த்து, ஊருக்கு வருவோர் போவோர் கையில் எனக்குக் கொடுத்தனுப்பத் தொடங்கினாள்.

எல்லாம் அந்நாட்டுத் தென்பகுதியின் நிலத்தையும் நீரையும் பற்றியவை. சதுப்பு நிலங்களைப் பற்றி ஒன்று, பறவைகளைப் பற்றி ஒன்று, ஆறுகளும் அவற்றின் கரையில் எழுந்த ஊர்களும் பற்றி ஒன்று, உள்நாட்டுப் போரில் எரிந்த ஊர்களைப் பற்றி இன்னொன்று. என் ஆங்கிலம் பள்ளியோடு நின்றது. ஆகவே உரையாசிரியர்கள் பாடலுக்கு உரை காணும் முறையிலேயே அந்நூல்களைப் படித்தேன். முதலில் சொல்லுக்குச் சொல் அகராதி பார்த்துப் பதவுரை. பிறகு வாக்கியத்துக்குப் பொழிப்புரை. அதற்கும் பிறகு கண்ணை மூடிக்கொண்டு, அந்த இடத்தில் போய் நிற்பது. ஒரு பக்கத்துக்கு ஒரு பிற்பகல் ஆகும். அவசரம் என்ன?

அந்நூல்கள் எனக்கு அயலாகத் தோன்றாததற்குக் காரணம் ஒன்று உண்டு. பதிகம் பாடியவர்கள் பாதிப் பாட்டை ஊருக்கே கொடுத்துவிடுவார்கள். வயலில் கயல் துள்ளும், சோலையில் வண்டு முரலும், மதிலைத் தொட்டு மேகம் நிற்கும். இவ்வளவும் சொன்ன பிறகே, அங்கே எழுந்தருளியிருப்பவன் யார் என்று சொல்வார்கள். என் மகள் அனுப்பிய நூல்களில் முன்பாதி இருந்தது. நீரோரத்து மரங்களிலிருந்து சாம்பல் நிறப் பாசி சடை சடையாகத் தொங்கும் படத்தைப் பார்த்தவுடன், பின்பாதியை நான் சேர்த்துக்கொண்டேன். சடை உடையவனைத் தேடிக் கடல் கடந்து போக வேண்டியதில்லை. ஆனால் கடல் கடந்த நாட்டிலும் அவன் சடையை மறைத்துக்கொள்ளவில்லை.

அந்த ஆண்டு நவராத்திரிக்குச் சற்று முன் மகள் விடுப்பில் வந்தாள். மாப்பிள்ளைக்கு விடுப்புக் கிடைக்கவில்லை. பெட்டியைத் திறந்து, துணிகளுக்கு நடுவே மெத்தென்று பொதிந்திருந்த ஒரு புத்தகத்தை இரு கையாலும் எடுத்தாள்.

"இது உங்களுக்கு இல்லப்பா. படிச்சிட்டுத் திருப்பிக் குடுக்கணும்" என்றாள்.

வெளிர் பழுப்புத் துணியால் அட்டை கட்டிய, கனமான பழைய புத்தகம். அவள் வேலை பார்க்கும் ஊரையும் அதைச் சுற்றிய நாட்டையும் பற்றி, அவ்வூர்ப் பள்ளி ஆசிரியர் ஒருவர் ஒரு தலைமுறைக்கு முன் எழுதியது. சில பிரதிகளே அச்சாகி, அவற்றுள்ளும் எஞ்சியது அந்நூலகத்தில் இருப்பது ஒன்றுதான் என்றாள். பூட்டிய அலமாரியில் இருக்கும். உள்ளே உட்கார்ந்து படிக்கலாமே ஒழிய, யாருக்கும் வெளியே கொடுப்பதில்லை. "எங்க அப்பாவும் இதே மாதிரிக் கருப்பு மண்ணுல பருத்தி போடுறவக" என்று இவள் ஒருநாள் பேச்சுவாக்கில் சொல்லியிருக்கிறாள். அதைக் கேட்ட தலைமை நூலகர், முதிய பெண்மணி, தம் பொறுப்பில் விதியைத் தளர்த்தி இதைக் கொடுத்தனுப்பியிருக்கிறார். அவர்தான் இவள் வேலையை நிலையாக்கவும் கையெழுத்திட வேண்டியவர்.

"கண்ணு மாதிரிப் பாத்துக்கிடணும்பா. இதுக்கு ஒண்ணு ஆச்சுன்னா என் வேலை மட்டும் இல்ல, அவுக பேரும் சேந்து போயிரும்."

அன்றிலிருந்து ஒவ்வொரு பிற்பகலும் கூடத்தில் மின்விசிறிக்குக் கீழே மகள் படிப்பாள், தமிழில் சொல்வாள், நான் கேட்பேன். என் மனைவி பக்கத்தில் உட்கார்ந்து பூசைக்கு வேண்டிய கடலையைப் புடைத்துக்கொண்டோ, விளக்குத் துலக்கிக்கொண்டோ இருப்பாள். கேட்காதவள்போல இருப்பாளே தவிர ஒன்றையும் விடமாட்டாள்.

அந்நூலின் முதல் அதிகாரமே மண்ணைப் பற்றியது. கோடையில் கால் நுழையும் அளவுக்குப் பிளக்கும் மண். மழையில் செருப்பைப் பிடித்து வைத்துக்கொண்டு ஆளை மட்டும் அனுப்பும் மண். தோண்டினால் அடியில் வெளுத்த சுண்ணாம்புப் பாறை. மகள் படிக்கப் படிக்க என் மனைவி முறத்தைக் கீழே வைத்துவிட்டாள்.

"ஏத்தா, நம்ம மேலக்காட்டை யாரு அங்கன போயி எழுதுனது? அடியில சுக்கான்கல்லு இருக்குன்னு முதக்கொண்டு எழுதியிருக்காகளே!"

எனக்கும் உள்ளம் துள்ளியது. பதிகங்களில் நான் ஓதியதெல்லாம் பெரும்பாலும் நீர்வளம் மிக்க நாடு. கரும்பும் செந்நெல்லும் தாமரையும் மண்டிய வயல்கள். எங்கள் கரிசலை, அதன் வெடிப்பையும் வெக்கையையும் இவ்வளவு ஆசையோடு வருணித்து நான் படித்ததில்லை. முகம் அறியாத அந்தப் பள்ளி ஆசிரியர் என் வயலுக்குப் பாட்டுப் பாடியதாகவே எடுத்துக்கொண்டேன். அங்கே அப்போது பருத்தி பறிப்பு முடியும் காலம். இங்கே நாங்கள் விதையை மண்ணுக்குக் கொடுத்துவிட்டு ஐப்பசி மழைக்கு வானத்தைப் பார்த்துக்கொண்டிருந்தோம்.

பிறகு பறிப்பைப் பற்றிய அதிகாரம் வந்தது. பழைய கோட்டோவியங்களும் அதற்குப் பின் வந்த காலத்து நிழற்படங்களும் இருந்தன. கருத்த மேனியர் ஆணும் பெண்ணுமாக, ஆளைவிட நீண்ட சாக்கைத் தோளில் மாட்டி, நிலத்தில் இழுத்துக்கொண்டே பறிக்கிறார்கள். என் மனைவி பிறந்த வீட்டிலும் பருத்திக் காடுதான். மணமாகும்வரை மற்றப் பெண்களோடு மடி கட்டிப் பறித்தவள். அவள் எழுந்து வந்து, படத்தைக் குனிந்து பார்த்தாள்.

"இம்புட்டு நீளச் சாக்கா? முதுகு என்னத்துக்காகும்? நாங்க மடி நெறைஞ்சா அம்பாரத்துல போயிக் கொட்டிட்டு, தண்ணி குடிச்சுட்டு, ஒரு வம்பு பேசிட்டுத்தான் அடுத்த நெரைக்குப் போவோம். கூலி எம்புட்டுக் குடுத்தாகளாம்?"

"இந்தப் படம் வரைஞ்ச காலத்துல கூலியே கெடையாதும்மா."

"கூலி இல்லாமயா பறிச்சாக?"

"அவுகளையே வெலைக்கு வாங்கியிருந்தாக."

"ஆளையா?"

"ஆளைத்தான். பிள்ளை பெத்தா அந்தப் பிள்ளையும் மொதலாளிக்குத்தான். தாயை ஒரு ஊருக்கும் பிள்ளையை ஒரு ஊருக்கும் வித்துப்புடுவாக."

என் மனைவி முறத்தை எடுத்துக்கொண்டு அடுக்களைக்குப் போனாள். அன்றைக்குப் பருப்பில் உப்பு இல்லை.

அம்மக்கள் வயலில் பாடிய இறைப்பாடல்களைப் பற்றியும் சில பக்கங்கள் இருந்தன. ஒருவர் எடுத்துக் கொடுக்க மற்றவர் தாங்கிப் பாடுவார்களாம், நம் கோயில்களில் ஓதுவாரைத் தொடர்ந்து அடியார்கள் பாடுவதுபோல. இறைவா, இந்த ஆற்றைக் கடத்தி அக்கரை சேர்ப்பாய் என்ற வேண்டுதல் பாட்டுக்குப் பாட்டு வருமாம். பிறவிக் கடலுக்குத் தோணி கேட்டு வாழ்நாள் முழுதும் ஓதிய எனக்கு, கேட்ட அளவில் நெஞ்சு நெகிழ்ந்தது. நான் கேட்ட தோணி மறுமைக்கு. நிழலில் அமர்ந்து நிதானமாகக் கேட்கிறேன். அவர்களோ வெயிலில் நின்று, அன்றைக்கே வேண்டும் என்று கேட்டிருக்கிறார்கள். அடுத்த நாள் காலை ஓதும்போது என் குரல் வழக்கத்தைவிடத் தாழ்ந்து வந்தது.

இப்படியிருக்கச் சரசுவதி பூசை வந்தது. எங்கள் பக்கத்தில் அந்த நாளுக்குத் தனிக் களை உண்டு. தீபாவளிச் சீசன் உச்சத்தில் இருக்கும்; பட்டாசுக் கம்பெனிகளும் அச்சகங்களும் கழுவி விட்டு, மாவிலை கட்டி, எந்திரங்களுக்குச் சந்தனம் பூசி ஓய்வு கொடுக்கும். வீட்டிலோ புத்தகங்களுக்குப் பூசை. கூடத்துக் கிழக்குச் சுவரோரம் பலகை போட்டு, வெண்பட்டு விரித்து, வீட்டிலுள்ள நூல்களை அடுக்கி, மேலே சந்தனம் குங்குமம் வைப்போம். அந்த ஆண்டில் வீட்டுக்குப் புதிதாக வந்த புத்தகம் என்றால், அதன் முதல் தாளின் நான்கு மூலைகளிலும் குழைத்த மஞ்சளைத் தொட்டு வைப்பதும் உண்டு. தீபம் காட்டிவிட்டால் முடிந்தது; மறுநாள் மறுபூசை ஆகும்வரை எந்தப் புத்தகத்தையும் தொடக்கூடாது. தொட்டால் படிப்பு வராது என்று சொல்லி வளர்த்த வீடு.

அன்று மாலை நானும் மகளும் கோயிலுக்குப் போய்த் திரும்பினோம். அதற்குள் என் மனைவி அடுக்கி முடித்து, மேலே பூவைச் சொரிந்து வைத்திருந்தாள். நான் பாடினேன், அவள் தீபம் காட்டினாள், மகள் மணி அடித்தாள். தீபத்தைக் கண்ணில் ஒற்றிக்கொண்டு நிமிர்ந்தபோதுதான் மகள் பார்த்தாள். அடுக்கின் உச்சியில், பதிகத் தொகுதிகளுக்கும் மேலே, பூக்களுக்கு இடையே அலபாமாப் புத்தகம். வெளிர் பழுப்புத் துணியில் மூன்று விரல் அகலச் சந்தனம். அதன் நடுவே ஈரக் குங்குமம்.

"அம்மா!"

"என்னத்தா?"

"அதை எதுக்கும்மா வச்ச? அது நம்ம புத்தகம் இல்லையே! மூலைக்கு மஞ்சளுமா தொட்ட?"

"வீட்டுக்குப் புதுசா வந்த புத்தகமாச்சே, தொடாமயா?"

மகள் குனிந்து பார்த்தாள். சந்தனம் இன்னும் காயவில்லை. ஈரத் துணியால் அப்போதே ஒற்றி எடுத்தால் பெரும்பகுதி வந்துவிடும்; விடியும்வரை விட்டால் நூலிழைக்குள் ஊறிவிடும். இது நூலகவியல் படித்த அவளுக்கும் தெரியும், வயலும் வீடும் அன்றி வேறறியாத என் மனைவிக்கும் தெரியும். அவள்தான் முந்திக்கொண்டு, "எனக்கு எங்க தெரியும்? அம்புட்டுப் பேரு பட்ட பாடு அதுக்குள்ள இருக்குன்னு சொன்னியே. அவுகளுக்கு ஒரு நாளு ஒரு பூ, ஒரு பொட்டு யாராச்சும் வச்சிருப்பாகளா? அதான் மேல தூக்கி வச்சேன்" என்றாள்.

நான் சொன்னேன்: "எடுத்துத் துடை தாயி. பூசையை ஏற்றுக்கொண்டவள் உன்னைக் கோபிக்க மாட்டாள். பழியை என் தலையில் போடு."

மகள் கையை நீட்டினாள். அட்டைக்கு அருகே போன விரல்கள் அங்கேயே நின்றன. ஐந்து வயதிலிருந்து இதே பலகையில் தன் பாடப்புத்தகங்களை வைத்து, மறுநாள் கணக்குப் பாடம் செய்ய வேண்டாமே என்று மகிழ்ந்தவள் அவள். கையை மடக்கிக்கொண்டாள்.

"இருக்கட்டும்பா" என்றாள். "அவுகளுக்குன்னு வச்ச பொட்டு. நான் தொடச்சா நல்லாவா இருக்கும்?"

மறுநாள் மறுபூசை முடிந்ததும் எடுத்தோம். சந்தனம் காய்ந்து உதிர்ந்தது; கறை உதிரவில்லை. வெளிர் பழுப்பில் மங்கிய மஞ்சள் வட்டம், நடுவில் செம்மை. முதல் தாளின் மூலைகள் நான்கும் மஞ்சள். மூவரும் அன்றே சிவகாசிக்குப் பேருந்து ஏறினோம். அச்சக உரிமையாளர் பூசைப் பொரியைத் தட்டில் வைத்து வரவேற்று, புத்தகத்தை வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தார். உருப்பெருக்கிக் கண்ணாடியை வைத்தும் பார்த்தார்.

"துணி அட்டையில குங்குமம் ஊறிருச்சுன்னா கங்கைத் தண்ணி விட்டாலும் போகாது ஐயா. தேச்சா துணி நைஞ்சுரும்" என்றார். பிறகு முகம் மலர்ந்தார். "அதுக்கு ஏன் மூணு பேரும் எழவு வீட்டுக்குப் போற மாதிரி வந்திருக்கீக? இதே துணி எங்கிட்ட இருக்கு. இதே எழுத்து, இதே அச்சு. புது அட்டை கட்டி, மொதத் தாளையும் அச்சுப் போட்டு ஒட்டிருதேன். பழசு மாதிரித் தெரியணுமா, அதுக்கும் வழி இருக்கு. காலண்டர் ஆர்டர் மலையாக் கெடக்கு, இருந்தாலும் பாப்பாவுக்கு மொதல்ல முடிச்சுக் குடுத்துருதேன்."

என் மனைவிக்கு உயிர் வந்தது. "நீங்க நல்லா இருக்கணும் அண்ணாச்சி!"

மகளோ புத்தகத்தை வாங்கி மடியில் வைத்துக்கொண்டு, கறையைத் தொடாமல் அதைச் சுற்றி விரலால் தடவிக்கொண்டிருந்தாள்.

"வேண்டாம் அண்ணாச்சி" என்றாள் முடிவில்.

உரிமையாளருக்குச் சுருக்கென்றது. "எங்க வேலை மேல நம்பிக்கை இல்லையாக்கும்? அமெரிக்காக்காரவுக கண்டுபிடிச்சுருவாகன்னு பாக்கியா?"

"கண்டுபிடிக்கவே மாட்டாக. அதான் பயமா இருக்கு."

"என்ன பாப்பா சொல்லுத?"

"என்னைய நம்பிப் பூட்டைத் திறந்து குடுத்தாக. நான் வேற அட்டையைக் கொண்டுபோயி அதே அலமாரியில வச்சுட்டு, நாளைக்கு அவுக பக்கத்துலேயே உக்காந்து வேலை பாக்கணும்லா?"

"ஒன் வேலை போயிட்டா?" என்றாள் தாய். "நான் வச்ச பொட்டால ஒன் பொழப்புப் போகணுமா? அப்பாகிட்டக் கேளு. ஏங்க, நீங்க சொல்லுங்க."

ஓர் எழுத்து மாறி அச்சான பாடலைக்கூடப் பொறுக்காமல் இதே அச்சகத்தில் தாளைத் திருத்தியவன் நான். ஆனால் வேலை என்னுடையது அன்று, அவளுடையது. "அவளுக்கு எது மனம் ஒப்புகிறதோ அதைச் செய்யட்டும்" என்றேன். உரிமையாளர் தலையைச் சொறிந்துகொண்டு எங்கள் மூவரையும் மாறி மாறிப் பார்த்தார். கடைசியில், "சரி, அப்பக் கறை மத்தப் பக்கத்துக்கு ஏறாமயாவது பாத்துக்கிடுவோம்" என்று சொல்லி, மெல்லிய தாள்களை இடையிட்டுக் கொடுத்தார். பயணத்துக்கு உறுதியான அட்டைப்பெட்டி ஒன்றும் செய்வித்தார். மகள் மூடியைத் திறந்தாள். உட்புறமெங்கும் புஸ்வாணமும் கம்பி மத்தாப்பும் வண்ண வண்ணமாகச் சிதறிக்கொண்டிருந்தன. பட்டாசுப் பெட்டிக்கு அச்சிட்டு மீந்த அட்டை.

"அண்ணாச்சி! இதோட ஏர்போர்ட்டுக்குப் போனா என்னைய உள்ள தூக்கி வச்சிருவாக!"

"அட, ஆமால்ல! ஏலே, அந்தச் சாமி படம் போட்ட அட்டையை எடுங்கலே!" என்று உள்ளே குரல் கொடுத்தார். என் மனைவிகூடச் சிரித்துவிட்டாள். முந்தின நாள் மாலைக்குப் பிறகு அவள் சிரித்தது அப்போதுதான்.

மகள் போன பிறகு மழை வந்தது. விதை முளைத்தது. என் மனைவி வயலுக்கு வரவில்லை. தொலைபேசி இருந்த மேசைக்கு எதிரிலேயே காய் நறுக்கினாள், பூக் கட்டினாள். ஒரு நாள் நான் காலை ஓதலை முடித்து எழும்போது தொலைபேசி மணி அடித்தது. அங்கே அப்போது முந்தின நாள் மாலை. எங்கள் இருவர் காதிலும் விழும்படி என் மனைவி தொலைபேசிக் குழலைச் சாய்த்துப் பிடித்தாள்.

"என்னத்தா, குடுத்தியா? வஞ்சாகளா?"

"வையலைம்மா. பெட்டியைத் தெறக்குறதுக்கு மின்னாடியே நடந்ததைச் சொல்லிட்டேன். கண்ணாடியைப் போட்டுட்டு ரொம்ப நேரம் பாத்தாக. யாரு வச்சதுன்னாக. எங்க அம்மான்னேன். எதுக்குன்னாக."

"நீ என்ன சொன்ன?"

"நீ சொன்னதை அப்படியே சொன்னேன். அம்புட்டுப் பேருக்கும் ஒரு பொட்டுன்னு."

"அதுக்கு?"

"அந்தப் பறிக்கிற படத்துப் பக்கத்தைப் பெரட்டிப் பாத்துட்டு இருந்தாக. அவுக ஆளுக அந்தக் காட்டுலதான் பறிச்சவகளாம், அவுக அப்பாவைப் பெத்தவக வரைக்கும். இத்தனை நாளு பக்கத்துல உக்காந்து வேலை பாத்தும் எனக்குத் தெரியாதும்மா. அப்புறம் ஒரு கேள்வி கேட்டாக பாரு."

"என்ன?"

"இந்தச் செவப்புல பூச்சி வருமான்னு."

என் மனைவி குழலை இரு கையாலும் பிடித்துக்கொண்டாள். "மஞ்சள்ல செஞ்ச குங்குமத்துக்குப் பூச்சியா? இருக்கிற பூச்சியும் ஓடிப்போயிரும்னு சொல்லுத்தா!"

"சொல்லிட்டேன்" என்று மகள் சிரித்தாள். பிறகு மற்றதையும் சொன்னாள். விதியைத் தளர்த்தியது தம் தவறு என்று அந்த அம்மையார் மேலிடத்துக்குத் தாமே தெரிவித்துவிட்டார். இனி அந்த அலமாரிப் புத்தகம் ஊழியர் கையிலும் வெளியே போகாது. இவள் வேலை போகவில்லை. ஆனால் நிலையாக்குவது ஆறு மாதம் தள்ளிப் போயிற்று. அட்டையை மாற்றலாமா என்று மேலிடம் கேட்டதற்கு, அம்மையார் வேண்டாம் என்று சொல்லி, நூற்பட்டியலில் அப்புத்தகத்தின் விவரத்துக்குக் கீழே ஒரு வரி சேர்க்கும்படி இவளிடமே பணித்தார். அட்டையில் சந்தனமும் குங்குமமும். இந்தியாவில், பருத்தி விளையும் வீடொன்றில் வழிபாட்டில் வைக்கப்பட்டது. அவ்வளவுதான்.

அந்த ஆறு மாதமும் எங்களுக்கு நீண்டவைதாம். என் மனைவி செவ்வாய்தோறும் அம்மனுக்கு விளக்கேற்றினாள். பருத்தி பூத்து, காய்த்து, வெடித்து, சித்திரையில் கடைசிப் பறிப்பு நடந்துகொண்டிருந்தபோது மகளின் வேலை நிலையாயிற்று என்ற செய்தி வந்தது. என் மனைவி அப்படியே மடியில் பஞ்சோடு களத்துக்குப் போய், பறித்துக்கொண்டிருந்த பெண்கள் எல்லாருக்கும் கருப்பட்டிக் காப்பி போடச் சொன்னாள். காரணம் கேட்டவர்களுக்கெல்லாம் அமெரிக்காவில் ஆளைவிட நீளமான சாக்கில் பருத்தி பறித்தவர்களின் கதையைச் சொன்னாள். "ஆளையா வித்தாக?" என்ற கேள்வியை அன்று களத்தில் நான் பலமுறை கேட்டேன்.

அந்நூலில் கடைசி அதிகாரங்கள் நான் கேட்காமல் நின்றுபோயின. அதையும் மகள் விடவில்லை. உணவு இடைவேளையில் அலமாரிக்குப் பக்கத்தில் நின்று படித்துவிட்டு, ஞாயிறுதோறும் தொலைபேசியில் சொன்னாள். அங்கே பருத்தி குறைந்துபோய், அந்தக் கருப்பு மண்ணில் குளம் வெட்டி மீன் வளர்க்கிறார்களாம்.

"கரிசல்ல மீனா?" என்றாள் என் மனைவி. "நம்ம மேலக்காட்டுல வெட்டுனா வேலிக்கருவேல் வேருதான் வரும்."

எனக்கோ வேறொன்று தோன்றியது. வயலில் கயல் துள்ளும் என்று நான் ஆயுள் முழுதும் ஓதிய வரி, கரிசலிலும் ஒருவகையில் மெய்யாகிவிட்டது. காணாத அந்த நாட்டு வயலை நினைத்து அன்று ஒரு பதிகம் கூடுதலாகப் பாடினேன். மனம் நிறைந்திருந்தது, வேறு சொல் எனக்குத் தெரியவில்லை.

இதைப் படிக்கும் நீங்கள் எந்த மண்ணில் இருந்தாலும் அந்த மண் உங்களுக்கு விளைக. உழைக்கும் கைக்குக் கூலி குறையாதிருக்க. தாயும் பிள்ளையும் பிரியாதிருக்க. உங்கள் வீட்டுப் புத்தகங்களில் பூச்சி அணுகாதிருக்க. உங்களை நம்பித் திறந்த கதவு என்றும் திறந்தே இருக்க அன்னை அருள்க.